சீரியல் சி.ஜி.யா, அவுட்சோர்ஸ் ரோட்டோவா? கூடவே ஒரு மஞ்சள் புடவைப் பிரச்சனை

புதுநோடு

எல்லாருக்கும் வணக்கம். வி.எஃப்.எக்ஸ். (விஷுவல் எஃபெக்ட்ஸ்) டிப்ளமோ இந்த மாசத்தோட முடியுது. சென்னையிலயே ரெண்டு இடத்துல கூப்பிட்டிருக்காங்க, எதுக்குப் போறதுன்னு முடிவு பண்ண முடியல.

ஒண்ணு சாலிகிராமத்துல ஒரு எடிட் சூட். ரெண்டு தினசரி சீரியல், ஒரு பக்தித் தொடர், மூணுக்கும் சி.ஜி. (கம்ப்யூட்டர்ல ஷாட்டைத் திருத்தற, சேர்க்கிற வேலை) அங்கதான் நடக்குது. மொத்தமே மூணு சிஸ்டம், சாஃப்ட்வேர் ஆஃப்டர் எஃபெக்ட்ஸ்தான். இன்னொண்ணு கிண்டியில, வெளிநாட்டு டிவி ஷோக்களுக்கு வேலை செய்யற ஸ்டுடியோ. ரோட்டோ ட்ரெய்னி (ஷாட்ல ஆளோட ஓரத்தைச் சுத்தி வரைஞ்சு பிரிக்கிற வேலை), சிலுயெட் சாஃப்ட்வேர்ல, ஷிஃப்ட் உண்டு.

சீரியல் சி.ஜி.ன்னா தினமும் உண்மையில என்ன வேலை வரும்? அங்க போனா கத்துக்க முடியுமா, இல்ல அவசரத்துல கை கெட்டுப்போகுமா?

அடுத்தது, சாலிகிராமத்துல ஒரு டெஸ்ட் குடுத்திருக்காங்க. கிரீன் மேட்ல (பச்சைத் திரைக்கு முன்னால) அம்மன் வேஷம், இடுப்பளவு ஷாட், 96 ஃப்ரேம். கீலைட் (பச்சையை எடுக்கிற எஃபெக்ட்) போட்டதும் பச்சை நல்லாவே போயிடுச்சு. ஆனா மஞ்சள் பட்டுப்புடவை செங்கல் கலர் ஆயிடுச்சு, தங்க நகை செம்பு மாதிரி தெரியுது. முகம் மட்டும் சரியா இருக்கு. ஏன் இப்படி? திங்கக்கிழமை அனுப்பணும்.

கடைசியா, கிண்டியில 2 வருஷ பாண்டும் ஒரிஜினல் சர்டிஃபிகேட்டும் கேக்கறாங்க. குடுக்கலாமா?

ஃப்ரேம்25

தம்பி, பாம்பும் தீயும் அம்மன் தலைக்குப் பின்னால சுத்தற ஒளிவட்டமும் பக்தித் தொடர்ல வரும். குடும்ப சீரியல்ல சி.ஜி. ஆளோட நாள் வேற மாதிரி போகும். ஃப்ரேம் மேல எட்டிப் பாக்கிற பூம் மைக், கண்ணாடி பீரோவுல தெரியற கேமரா அசிஸ்டென்ட், டீ-ஷர்ட்ல இருக்கிற பிராண்ட் பேரு, கார் கண்ணாடிக்கு வெளியே ஓட வேண்டிய ரோடு, மொபைல்ல வர்ற மெசேஜ், ஐ.சி.யூ. மானிட்டர்ல நேர்கோடா மாற வேண்டிய துடிப்பு, கம்பெனி போர்டு. இதுதான் லிஸ்ட்.

சீரியலுக்கே உரிய வேலை ஒண்ணும் இருக்கு. நடிகர் மாறிட்டா, ஏற்கெனவே எடுத்து கையிருப்பா வெச்சிருக்கிற எபிசோடுல ஹால் சுவத்து குடும்ப போட்டோவுல பழைய முகம் இருக்கும். அதை மாத்தணும். கேமரா நிலையா இருந்தா பத்து நிமிஷம். மெதுவா பக்கவாட்டுல திரும்பினாலே (பேன்) வேலை வேற. போட்டோ ஃப்ரேம் நகர்றதை மோக்கா சாஃப்ட்வேர்ல பிளானர் டிராக் எடுத்து, அதோட நாலு மூலையில புதுப் படத்தைப் பொருத்திடலாம் (கார்னர் பின்), அது வரைக்கும் எல்லாரும் செய்வாங்க. புது போட்டோ ஸ்டிக்கர் ஒட்டின மாதிரி தெரியறதுக்குக் காரணம் கண்ணாடி. சுவத்துல மாட்டின போட்டோவுக்கு மேல டியூப்லைட் பளபளப்பு ஒரு கீற்றா இருக்கும். கேமரா நகரும்போது அந்தக் கீற்று போட்டோவோட ஒட்டிக்கிட்டு நகராது, கண்ணாடி மேல வழுக்கிட்டுப் போகும். அதைத் தனி லேயரா போட்டு, தனி வேகத்துல ஓட்டி, கொஞ்சம் ப்ளர் குடுத்தாத்தான் போட்டோ சுவத்துல உக்காரும். புது போட்டோவோட கறுப்பையும் சீன்ல இருக்கிற கறுப்பு அளவுக்குத் தூக்கி விடணும். சுவத்துல மாட்டின எந்தப் படத்துலயும் சுத்தமான கறுப்பு இருக்காது.

கை கெட்டுப்போகுமான்னு கேட்டீங்க. நேரத்தை எங்க போடணும்னு தெரியாம வேலை செஞ்சா கெடும். ஒரு எபிசோடு 22 நிமிஷம்னா செகண்டுக்கு 25 ஃப்ரேம் கணக்குல 33,000 ஃப்ரேம். அதுல உங்க கைக்கு 15 ஷாட் வந்து 5 மணி நேரம்தான் இருக்குன்னா, ஷாட்டுக்கு 20 நிமிஷம்னு சமமாப் பிரிக்காதீங்க. முதல்ல, சரி பண்ணலன்னா சேனல்ல இருந்து எபிசோடு திரும்பி வந்துடும்ங்கிற ஷாட்டுகள்: பிராண்ட் பேரு, பூம். அடுத்து, இல்லன்னா கதையே புரியாதுங்கிற ஷாட்டுகள்: மெசேஜ், கையெழுத்து, ரிப்போர்ட். கடைசியா அழகுக்கானது. ஒவ்வொண்ணுலயும் பாக்க வேண்டியது, பாக்கிறவங்க கண்ணு அந்த நேரத்துல எங்க இருக்கும்னு. ஆள் அழுதுட்டு இருக்கும்போது ஃப்ரேம் ஓரத்து போர்டை யாரும் படிக்க மாட்டாங்க, அங்க ஒரு மெல்லிசு ப்ளர் போதும். அதே ஆள் கையில இருக்கிற மொபைல்ல எழுத்து அரை பிக்சல் ஆடினாக்கூட வீட்டுல இருக்கிறவங்களுக்குத் தெரியும். இந்தக் கணக்கு மூணு மாசத்துல கைக்கு வந்துடும். வேற எங்கயும் இவ்வளவு சீக்கிரம் வராது.

இனி அடிப்படையில தப்பாகிற விஷயங்கள். நம்ம டிவி 25 ஃப்ரேம். நியூக், பிளெண்டர் சாஃப்ட்வேர் ரெண்டும் திறந்தவுடனே 24-ல நிக்கும். ஆஃப்டர் எஃபெக்ட்ஸ்ல படத் தொடரை இம்போர்ட் பண்ணினா, ப்ரிஃபரன்ஸ்ல மாத்தாத வரைக்கும் அதை 30-னு எடுத்துக்கும். 100 ஃப்ரேம் ஷாட் 4 செகண்டுக்குப் பதிலா 3.33 செகண்டுல முடிஞ்சுடும், வாயசைவு ஓடிப்போயிடும். முதல் நாளே மாத்தி வெச்சுடுங்க. பிளெண்டர்ல வியூ டிரான்ஸ்ஃபார்ம் (நிறத்தைத் திரைக்கு ஏத்தபடி மாத்தற செட்டிங்) புதுப் பதிப்புல ஏ.ஜி.எக்ஸ்., அதுக்கு முன்னாடி ஃபில்மிக். அப்படியே விட்டு பிளேட்டை (கேமராவுல எடுத்த ஷாட்டை) உள்ளே போட்டு ரெண்டர் எடுத்தா மொத்த ஷாட்டும் வெளிறிப்போகும். ஸ்டாண்டர்டுக்கு மாத்தணும்.

எடிட்டர்கிட்ட ஷாட் வாங்கும்போது முன்னால 8, பின்னால 8 ஃப்ரேம் ஹேண்டில் (எடிட்ல வராத உபரி ஃப்ரேம்) கேளுங்க. ரொம்பச் சுருக்கின எச்.264 எக்ஸ்போர்ட் குடுத்தா வாங்காதீங்க. கேமரா ஃபைலோ, ப்ரோரெஸ் 422 எச்.க்யூ.வோ கேளுங்க. வேகம் மாத்தின ஷாட்டா இருந்தா அந்த வேகத்தை ஃபைல்லயே பதிச்சு எக்ஸ்போர்ட் பண்ணின பிறகு வாங்குங்க. இல்லன்னா நீங்க 96 ஃப்ரேம் வேலை செஞ்சு, டைம்லைன்ல 70 மட்டும்தான் இருக்கும்.

திருப்பிக் குடுக்கிறதுக்கு முன்னாடி ஒரு சோதனை இருக்கு, இதை மட்டும் ஒருநாளும் விடாதீங்க. முடிச்ச ஷாட்டை டைம்லைன்ல ஒரிஜினலுக்கு மேல வெச்சு, பிளெண்ட் மோடை டிஃபரன்ஸ் ஆக்குங்க. நீங்க கை வெக்காத இடமெல்லாம் கறுப்பா இருக்கணும். கம்ப்ரெஷனால லேசான புள்ளி தெரிஞ்சா பரவாயில்ல. ஆள் ஓரமெல்லாம் இரட்டைக் கோடு தெரிஞ்சா ஒரு ஃப்ரேம் தள்ளிப்போயிருக்கு. ஃப்ரேம் முழுக்க சாம்பலா தெரிஞ்சா லெவல் மாறியிருக்கு. 16-லிருந்து 235 வரைக்கும் இருக்க வேண்டியதை 0-லிருந்து 255-னு ஏதோ ஒரு இடத்துல படிச்சிருக்கு. ஓரத்துக்குப் போகப் போக இரட்டைக் கோடு பெருசானா ஸ்கேல் மாறியிருக்கு. முப்பது செகண்ட் வேலை. பாதி ராத்திரி போன் வர்றதை இது நிறுத்தும்.

எழுத்தெல்லாம் ஓரத்துல இருந்து 5 சதவீதம் உள்ளே. கிடைமட்டமா ஒரு பிக்சல் கோடு போடாதீங்க, 1080 இன்டர்லேஸ்ல (ஒற்றை வரி, இரட்டை வரின்னு மாத்தி மாத்தி அனுப்பற முறை) போகும்போது துடிக்கும். ரெண்டு பிக்சலுக்கு மேல வெச்சு செங்குத்தா லேசா ப்ளர் பண்ணிடுங்க. பக்தித் தொடர்ல மின்னல் போடும்போது ஒரு செகண்டுக்கு 3 வெட்டுக்கு மேல போகாதீங்க. வேகமா விட்டு விட்டு வர்ற வெளிச்சத்தால வலிப்பு வர்றவங்க இருக்காங்க, குழந்தைகளும் உக்காந்து பாக்கிற நேரம் அது.

மேட்எட்ஜ்

மஞ்சள் புடவைக்கு மட்டும் பதில் சொல்றேன்.

பச்சை போனது கீயிங்கால (பச்சையைப் பாத்து பின்னணியை வெட்டறது). கலர் மாறினது ஸ்பில், அதாவது ஆள் மேல விழுந்த பச்சைச் சாயலை, எடுக்கிறதால. ரெண்டும் தனித்தனி வேலை, கீலைட் ரெண்டையும் சேர்த்துப் பண்ணிடுது. ஸ்பில் எடுக்கிற வழக்கமான கணக்கு இது: ஒரு பிக்சல்ல பச்சை, சிவப்பும் நீலமும் சேர்ந்த சராசரியை விட அதிகமா இருந்தா, சராசரிக்குக் குறைச்சுடு. இப்ப உங்க புடவையை எடுங்க. மஞ்சள்னா, 0-லிருந்து 1 வரைக்கும் அளவுல, சிவப்பு 0.9, பச்சை 0.8, நீலம் 0.2-ன்னு வெச்சுக்கலாம். சராசரி 0.55. பச்சை 0.8-லிருந்து 0.55-க்கு விழுது. அதான் செங்கல் கலர். தங்கம் 0.8, 0.6, 0.2. சராசரி 0.5. பச்சை 0.6-லிருந்து 0.5-க்கு இறங்கினா செம்பு. முகம் ஏன் தப்பிச்சதுன்னா, மாநிறத் தோல் 0.45, 0.30, 0.20 மாதிரி இருக்கும். சராசரி 0.325, பச்சை அதுக்குக் கீழயே இருக்கு, கணக்கு அதைத் தொடவே இல்ல. மஞ்சள் பூசின முகமா இருந்தா அதுவும் சேர்ந்து மாறியிருக்கும்.

புடவைக்கு வேற கணக்கு வேணும்: பச்சை, சிவப்பை விட அதிகமா இருந்தா மட்டும் சிவப்பு அளவுக்குக் குறை. 0.9-க்கு 0.8 கீழதானே, புடவை அப்படியே நிக்கும். தங்கத்துல பச்சை பிரதிபலிச்சு 0.5, 0.8, 0.2 ஆகியிருந்தா 0.5, 0.5, 0.2 ஆகும். பச்சை போய் தங்கத்துக்குக் கிட்ட வந்துடும்.

நியூக்ல எக்ஸ்ப்ரெஷன் நோடுல பச்சை சேனலுக்கு, பச்சை சிவப்பு ரெண்டுல எது குறைவோ அதுன்னு ஒரு வரி. ஆஃப்டர் எஃபெக்ட்ஸ்ல இதுக்கு நேரடி பட்டன் கிடையாது, ஆனா சுலபமான வழி உண்டு. ஃபுட்டேஜ் லேயரை டூப்ளிகேட் பண்ணுங்க. மேல இருக்கிறதுல ஷிஃப்ட் சேனல்ஸ் போட்டு, பச்சையை சிவப்புல இருந்து எடுன்னு வைங்க. பிளெண்ட் மோட் டார்க்கன். டார்க்கன் ஒவ்வொரு சேனல்லயும் குறைஞ்சதை எடுக்கும். சிவப்பும் நீலமும் ரெண்டு லேயர்லயும் ஒண்ணுதான், பச்சை மட்டும் சிவப்பைத் தாண்டாது. அவ்வளவுதான்.

ஆக மொத்தம் வரிசை இப்படி. கீலைட்டை ஸ்க்ரீன் மேட் வியூவுல வெச்சு, அந்தக் கறுப்பு வெள்ளையை மட்டும் லூமா மேட்டா எடுத்துக்குங்க (இந்த மேட் பச்சைத் திரை இல்ல, எது தெரியணும் எது மறையணும்னு சொல்ற கறுப்பு வெள்ளைப் படம்). நிறத்துக்கு கீலைட்டைத் தொடவே வேண்டாம். ஒரிஜினல் ஃபுட்டேஜ்ல முகம், கழுத்து, கூந்தலுக்கு சராசரிக் கணக்கு; புடவை, நகைக்கு சிவப்புக் கணக்கு. ரெண்டுக்கும் நடுவுல ஒரு முரட்டு மாஸ்க், ஃபெதர் 5 பிக்சல். தோள்பட்டையில ரெண்டும் சேர்ற இடத்தை மட்டும் 96 ஃப்ரேமும் ஓட்டிப் பாருங்க.

கூந்தல் ஓரம் கட்டையா வருதுன்னா, க்ளிப் பிளாக், க்ளிப் ஒயிட் ரெண்டையும் ஏத்தி இறக்கித்தான் பச்சையை எடுத்திருப்பீங்க. ஒரே கீயால ஆளை முழுசா எடுக்கப் பாக்காதீங்க. உடம்புக்குள்ள ஓட்டை விழாம இருக்க ஒரு கெட்டி மேட், அதை 4 பிக்சல் உள்ளே சுருக்கி வைங்க. ஓரத்துக்கு க்ளிப் தொடாத மென்மையான மேட் இன்னொண்ணு. ரெண்டையும் சேத்துடுங்க. கூந்தலுக்கு மாஸ்க் போட்டு, அதுக்குப் பின்னால இருக்கிற பச்சையைத் தொட்டு தனி ஸ்க்ரீன் கலர் எடுத்து, மூணாவது கீ.

ஓரம் படிக்கட்டு மாதிரி தெரிஞ்சா ஃபுட்டேஜ் 4:2:0-வான்னு பாருங்க. அதுல நிற விவரம் அகலத்துல பாதி, உயரத்துல பாதிதான் இருக்கும். கீயர் நிறத்தை வெச்சுத்தானே வெட்டுது. ஃபுட்டேஜை டூப்ளிகேட் பண்ணி, மேல இருக்கிறதுக்கு 1.5 பிக்சல் ப்ளர், பிளெண்ட் மோட் கலர். வெளிச்சம் கூர்மையா இருக்கும், நிறம் மட்டும் வழவழப்பாகும். ரெண்டையும் ஒரே லேயரா சேத்து (ப்ரீகம்ப்) இதுல இருந்து மேட்டை மட்டும் எடுங்க.

ஸ்ப்லைன்_அக்கா

ஃப்ரேம்25 சொன்னதுல பாதிதான் எனக்கு உடன்பாடு. நேரக்கணக்கு சீரியல்ல வரும், உண்மை. ஆனா ஓரத்தைப் பாக்கிற கண்ணு அங்க வராது. மூணு சிஸ்டம் இருக்கிற இடத்துல உங்க வேலையை யாரும் 200 சதவீதம் பெருசாக்கி ஃப்ரேம் ஃப்ரேமா பாத்துத் திருப்பி அனுப்ப மாட்டாங்க. அப்படித் திருப்பி அனுப்பறதுலதான் தொழில் வரும்.

ரோட்டோன்னா கோடு போடறதுன்னு நினைக்காதீங்க. நடந்து வர்ற ஆளை ஒரே ஷேப்பா சுத்தினா ஓரம் கொதிக்கும் (ஃப்ரேமுக்கு ஃப்ரேம் நெளியும்). தலை, கழுத்து, உடம்பு, மேல்கை, முன்கை, உள்ளங்கை, விரல், எல்லாம் தனித்தனி ஷேப், ஒண்ணுமேல ஒண்ணு ஏறி உக்காரணும். கீஃப்ரேம் (ஷேப்பைக் கையால சரி பண்ணி வெக்கிற ஃப்ரேம்) ஃப்ரேமுக்கு ஒண்ணுன்னு போடக்கூடாது. கை முழுசா முன்னால போன ஃப்ரேம், முழுசா பின்னால வந்த ஃப்ரேம், அந்த ரெண்டு எல்லையில முதல்ல. அப்புறம் நடுவுல ஒண்ணு. அதுக்கு நடுவுல ஒண்ணு. பெரும்பாலும் அதுலயே உக்காந்துடும். ஒரு புள்ளி முழங்கையில ஆரம்பிச்சா கடைசி ஃப்ரேம் வரைக்கும் முழங்கையிலயே இருக்கணும், ஓரத்தோட வழுக்கிட்டுப் போகக்கூடாது. வேகமா வீசற கையில ஓரத்தை ப்ளருக்கு வெளியேயும் போடாதீங்க, உள்ளேயும் போடாதீங்க. நடுவுல போட்டு மோஷன் ப்ளரை ஆன் பண்ணுங்க. ஷட்டர் கேமராவோட ஒத்துப்போகணும், வழக்கமா 180 டிகிரி.

கத்துக்க வேண்டிய இன்னொண்ணு, வேலையை எப்படிக் கணக்குப் போடறாங்கன்னு. ஷாட்டைப் பாத்து இது அரை மேன்டே, இது 3 மேன்டேன்னு (ஒரு மேன்டேன்னா ஒரு ஆளோட ஒரு நாள் வேலை) சொல்றது தனித் திறமை. தப்பாச் சொன்னா ராத்திரி நீங்கதான் உக்காரணும். ஃப்ரேம் எண்ணிக்கை, எத்தனை ஆள், கூந்தல் எப்படி, விரல் தெரியுதா, கேமரா ஆடுதா, ஃபோகஸ் மாறுதா, இந்த ஆறையும் பாத்துட்டுச் சொல்லுங்க.

இப்ப கெட்ட செய்தியும் சொல்லணும். இந்த வேலை வெளியிலிருந்து வர்ற ஓட்டத்தை நம்பியிருக்கு. 2023-ல ஹாலிவுட் எழுத்தாளர்களும் நடிகர்களும் வேலைநிறுத்தம் செஞ்சப்போ இங்க ஷாட் வரத்து குறைஞ்சது. 2025 பிப்ரவரியில டெக்னிகலர் வி.எஃப்.எக்ஸ். குழுமம் நொடிஞ்சப்போ பெங்களூரு அலுவலகமும் மூடினாங்க. ரோட்டோ ப்ரஷ், மேஜிக் மாஸ்க் மாதிரி தானாவே ஓரம் எடுக்கிற கருவிகளும் நேரான ரோட்டோ வேலையைச் சாப்பிட்டுட்டு வருது. அது போடற ஓரம் துடிக்குது, விரலுக்கு நடுவுல நிரப்பிடுது, புடவை முந்தானையை விட்டுடுது. அதையெல்லாம் சரி பண்றதுக்கு ஆள் வேணும்தான், ஆனா முன்ன வேணும்ங்கிற அளவுக்கு வேணாம். அதனால ரோட்டோவுல ஒரு வருஷத்துக்கு மேல உக்காராதீங்க. அந்த ஒரு வருஷத்துக்குள்ள வீட்டுல நியூக் நான்-கமர்ஷியல் போட்டு காம்ப் (லேயர்களைச் சேர்த்து ஒரே ஷாட்டாக்கறது) பழகிடுங்க. காசு இல்லாம கிடைக்குது, 1920 இன்டு 1080 வரைக்கும் ரெண்டர் ஆகும், பழக அது தாராளம். சம்பளத்துக்கு வாங்கற வேலையை மட்டும் அதுல செய்யக்கூடாது. அதுக்கு டாவின்சி ரிசால்வ் இலவசப் பதிப்புலயே காம்ப் செய்ய ஃப்யூஷன் இருக்கு.

இன்னொரு விஷயம். அங்க செஞ்ச ஷாட்டை ஷோரீல்ல (வேலை கேக்கும்போது காட்டற தொகுப்பு வீடியோ) போட எழுத்துல அனுமதி வேணும், பல சமயம் கிடைக்காது. ஃப்ளோருக்குள்ள போனும் இன்டர்நெட்டும் இருக்காது. ஒரு வருஷம் முடிஞ்சு கையில காட்ட ஒண்ணும் இல்லாம நிக்கிறது இதனாலதான். நீங்களே ஷூட் பண்ணின அஞ்சு ஷாட்டை அதுக்குள்ள முடிச்சு வெச்சுக்குங்க.

புதுநோடு

ரொம்ப நன்றி. ஷிஃப்ட் சேனல்ஸ் போட்டதும் புடவை அப்படியே திரும்பி வந்துடுச்சு.

சாலிகிராமத்துல இன்னொண்ணு சொன்னாங்க. வாரத்துல ஒரு நாள் செட்டுக்கும் போகணுமாம், செம்பரம்பாக்கம் பக்கம். அங்க நான் எதைப் பாக்கணும்? யார்கிட்ட சொல்லணும்?

மேட்கட்டு

கேமராமேன்கிட்டயும் அசோசியேட் டைரக்டர்கிட்டயும் சொல்லுங்க. டைரக்டர்கிட்ட நேரா போகாதீங்க, எபிசோடுல அவருக்கு அன்னிக்கு எடுக்க வேண்டிய சீன் நிறைய இருக்கும். ஷாட் செட் ஆகிறதுக்கு முன்னாடி சொல்லணும். லைட் வெச்ச பிறகு சொன்னா யாரும் கேக்க மாட்டாங்க.

செட்டுல காதுல விழுந்துட்டே இருக்கிற வார்த்தை "சி.ஜி.ல பாத்துக்கலாம்". அது விழும்போது, செட்டுல அந்த வேலை எத்தனை நிமிஷம், எடிட் சூட்டுல எத்தனை மணி நேரம்னு ஒரு கணக்கு சொல்லப் பழகுங்க. "சார், அந்த ஸ்டிக்கரை இப்ப ஒரு டேப் ஒட்டினா ஒரு நிமிஷம், இல்லன்னா எனக்கு ரெண்டு மணி நேரம்". இப்படிச் சொன்னா கேப்பாங்க.

கிரீன் மேட் விஷயம். ஆள் மேட்டுல இருந்து 8 லிருந்து 10 அடி முன்னால. கிட்ட நின்னா பச்சை வெளிச்சம் முதுகுலயும் தோள்லயும் ஏறும். மேட்டுக்குத் தனி லைட், ஆள் முகத்து வெளிச்சத்தை விட அரை ஸ்டாப் (ஒரு ஸ்டாப்னா வெளிச்சம் ரெண்டு மடங்கு) குறைவா, ஒரு ஓரத்துல இருந்து மறு ஓரம் வரைக்கும் வித்தியாசம் அரை ஸ்டாப்புக்குள்ள. அதிகமா வெளிச்சம் போட்டா நல்லதுன்னு நினைப்பாங்க. பச்சை வெளிறி வெள்ளைப்பக்கம் போயிடும், ஸ்பில்லும் கூடும். துணி மேட்டா இருந்தா சுருக்கத்தைக் க்ளிப் போட்டு இழுங்க, பக்கத்துல ஓடற ஃபேனை அணைக்கச் சொல்லுங்க. கேமரா நகர்ற ஷாட்டுன்னா மேட்டுல 3, 4 அடிக்கு ஒண்ணா டேப்ல பிளஸ் குறி. கூந்தலுக்குப் பின்னால வர்ற இடத்துல குறி வேண்டாம்.

கேமராவுல ஷார்ப்பனிங் அல்லது டீட்டெய்ல்னு இருக்கிறதை அணைக்கணும். அது ஆள் ஓரத்துல ஒரு கறுப்புக் கோடு இழுக்கும், எந்தக் கீயும் அதை எடுக்காது. ஷட்டர் 1/50. வேகமா கை வீசற ஷாட்டுன்னா 1/100 கேளுங்க. நம்ம கரண்ட் 50 ஹெர்ட்ஸ், இந்த ரெண்டுலயும் லைட் துடிக்காது, 1/60 வெச்சா துடிக்கும்.

மொபைல் ஷாட்டுக்கு ஸ்க்ரீன்ல முழு வெளிச்சத்துல பச்சை போட்டுக் குடுப்பாங்க. தடுத்துடுங்க. விரல் நுனி பச்சையாகும், கண்ணாடியில விழற பிரதிபலிப்பு போயிடும். விரல் ஸ்க்ரீனைத் தொடாத ஷாட்டுன்னா மொபைலை அணைச்சே எடுக்கலாம். கறுப்புக் கண்ணாடியில தெரியற பிரதிபலிப்பு அப்படியே கிடைக்கும், மெசேஜ் படத்தை ஸ்க்ரீன் மோடுல மேல போட்டா போதும், நிஜமா எரியற மாதிரி இருக்கும். விரல் குறுக்கே போகும்னா மட்டும் பச்சை, அதுவும் பிரைட்னஸ் 20, 30 சதவீதம்தான், மூலைக்கு ஒரு சின்னப் பிளஸ்.

ஒவ்வொரு செட்டப்புக்கும் லென்ஸ், உயரம், ஆளுக்கும் கேமராவுக்கும் தூரம் மூணையும் எழுதிக்குங்க. ஆள் விலகினதும் கேமராவை ஆட்டாம 5 செகண்ட் காலி ஃப்ரேம் எடுக்கச் சொல்லுங்க. அந்த 125 ஃப்ரேம் க்ளீன் பிளேட் பிறகு உங்களுக்குப் பெரிய சொத்து.

பில்புக்

சர்டிஃபிகேட் கேள்விக்கு யாரும் பதில் சொல்லல. ஒரிஜினலைக் குடுக்காதீங்க. காட்டுங்க, அட்டெஸ்ட் பண்ணின நகல் குடுங்க, ஒரிஜினலோட வீட்டுக்கு வாங்க. பாண்டுன்னா எழுதியிருக்கிறதைப் படிங்க: எத்தனை மாசம் பயிற்சி, அந்த மாசங்கள்ல சம்பளமா ஸ்டைபெண்டா, முன்னாடியே போனா எவ்வளவு கட்டணும், அந்தத் தொகைக்குக் காரணம் என்ன. பயிற்சின்னு பேரு போட்டுட்டு முதல் வாரத்துலயே கிளையண்ட் ஷாட் குடுப்பாங்கன்னா அது பயிற்சி இல்ல. 20 பேரோ அதுக்கு மேலயோ வேலை செய்யற இடம்னா பி.எஃப். இருக்கணும், கேளுங்க.

எடிட் சூட்ல நிலைமை வேற. மாசச் சம்பளமா, ஷாட் கணக்கான்னு முதல்லயே தெளிவாப் பேசணும். ஷாட் கணக்குன்னா வாட்ஸ்அப்லயாவது எழுத்துல இருக்கணும்: எத்தனை ஷாட், என்ன ரேட், ரெண்டு கரெக்‌ஷன் வரைக்கும் இதுல அடக்கம், மூணாவதுக்குத் தனி. எடிட் மாறி ஷாட் நீளம் கூடினா அது கரெக்‌ஷன் இல்ல, புது வேலை. இந்த ஒரு வரி இல்லாததாலதான் பாதிச் சண்டை.

ஃப்ரீலான்ஸா பில் போடப்போறீங்கன்னா, முதல் பில்லுக்கு முன்னாடி உத்யம் (மத்திய அரசோட சிறுதொழில் பதிவு) பதிவு பண்ணிடுங்க. இலவசம், ஆதாரும் பானும் போதும். குறுதொழில்னு பதிவானா, 2006 எம்.எஸ்.எம்.இ. (குறு, சிறு, நடுத்தரத் தொழில்) சட்டப்படி எழுத்து ஒப்பந்தம் இருந்தா அதிகபட்சம் 45 நாள்ல, இல்லன்னா 15 நாள்ல பணம் தரணும். தாண்டினா ரிசர்வ் வங்கியோட பேங்க் ரேட்டைப் போல மூணு மடங்கு கூட்டு வட்டி. இதுக்குன்னு இருக்கிற அரசுத் தளத்துல புகார் குடுக்கலாம். தினமும் வேலை தர்றவங்க மேல யாரும் சட்டுனு புகார் குடுக்க மாட்டாங்க, தெரியும். ஆனா பில்லுல உத்யம் எண் இருந்தாலே அவங்க ஆடிட்டர் கவனிப்பார். 2023-24 நிதியாண்டுல இருந்து, அந்தக் கெடு தாண்டி நிக்கிற தொகையைக் குடுக்கிற வரைக்கும் வருமான வரியில செலவாக் கழிக்க முடியாது. மார்ச் மாசம் நிலுவை வந்து சேர்றதுக்கு இதுவும் ஒரு காரணம்.

டி.டி.எஸ். (பணம் தரும்போதே கழிக்கிற வருமான வரி) பிடிச்சா, பிடிச்சது உங்க பான்ல ஏறியிருக்கான்னு வருமான வரித் தளத்துல மூணு மாசத்துக்கு ஒருமுறை பாருங்க. ஜி.எஸ்.டி. வருஷத்துக்கு 20 லட்சம் வரைக்கும் வேண்டாம்.

புதுநோடு

சர்டிஃபிகேட் குடுக்கறதில்லன்னு முடிவு பண்ணிட்டேன். க்ளிப்பைத் தொடாம மூணு கீ போட்டதுல கூந்தல் ஓரமும் வந்துடுச்சு, மல்லிப்பூ நுனி வரைக்கும் நிக்குது. இப்ப ஒரே ஒரு பிரச்சனை. 41-வது ஃப்ரேம்ல இருந்து அம்மன் கையைத் தூக்கும்போது கையில வேப்பிலைக் கொத்து இருக்கு. அது பாதி காணாமப் போகுது, மீதி சாம்பலா இருக்கு.

மேட்எட்ஜ்

எதிர்பாத்தேன். காணாமப் போறது கீ, சாம்பலாகறது டீஸ்பில் (ஸ்பில் எடுக்கிற கணக்கு). இலை 0.15, 0.35, 0.12 மாதிரி இருக்கும், சராசரிக் கணக்கு அதை 0.135-க்கு இழுத்துடும், எல்லாம் சாம்பல்தான். சிவப்புக் கணக்கும் இதையே செய்யும்.

கொத்தை 41-லிருந்து 96 வரைக்கும் ரோட்டோ பண்ணுங்க. ஒவ்வொரு இலையையும் சுத்தாதீங்க. கொத்தோட நடுப்பகுதிக்குக் கெட்டியா ஒரு ஷேப், வெளியே நீட்டற அஞ்சாறு இலை நுனிக்குத் தனி ஷேப். இந்த மாஸ்க்குக்குள்ள டீஸ்பில் ரெண்டையும் நிறுத்திடுங்க. இலைக்கு நடுவுல சந்துல மேட்டோட பச்சை எட்டிப் பாக்கும். அதை நிறத்தால பிரிக்க முடியாது, ரெண்டும் பச்சை. வெளிச்சத்தால பிரிங்க: மேட் பளிச்சுனு இருக்கும், இலை அதை விட ரொம்ப இருட்டு. மாஸ்க்குக்குள்ள மட்டும் ஒரு லூமா கீ, பளிச்சுனு இருக்கிறதை வெட்டு. இலையோட மினுக்கம் சில இடத்துல சேர்ந்து வெட்டுப்படும், அதை நடு ஷேப் தாங்கிக்கும். கடைசியா இலையோட நிறத்தை பேக்ரவுண்டுக்கு ஏத்தபடி கொஞ்சம் மஞ்சள் பக்கம் தள்ளுங்க, மேட் வெளிச்சம் இலை மேலயும் விழுந்திருக்கும்.

டெஸ்ட்டை அனுப்பும்போது கீழே ரெண்டு வரி எழுதி அனுப்புங்க: வேப்பிலை, வாழைக்கன்னு, பச்சை ரவிக்கை இருக்கிற ஷாட்டை ப்ளூ மேட்ல எடுத்தா இந்த 56 ஃப்ரேம் ரோட்டோ தேவைப்படாதுன்னு. எத்தனை மணி நேரம் ஆச்சுன்னும் போடுங்க.